மாடிப்படிக்கடியில் சுண்ணாம்பு அடித்தோம்

எங்கள் ஆபீஸ் இருக்கும் கட்டிடம் ஒரு காலத்தில் அரிசிக் கிடங்காக இருந்தது. மட்டாஞ்சேரிக் கடைவீதியில் அப்படிப்பட்ட கட்டிடங்கள் நிறைய உண்டு. கீழே வண்டி நுழையும் அளவுக்கு வாசல், மேலே மரத்தளம், நடுவில் மரப்படிக்கட்டு. சர்க்கார் அதை எடுத்துக்கொண்ட பிறகு மூட்டை ஏறி இறங்கின படியில் ஃபைல் ஏறி இறங்கியது. நான் அங்கே பார்ட் டைம் தூப்புக்காரி. கேரளத்தில் இந்த வேலையில் எழுபது வயது வரை இருக்கலாம். "இன்னும் எதுக்கு இத்தா இந்த விளக்குமாறு?" என்று கேட்பவர்களிடம், "சர்க்காரே போன்னு சொல்லலை, நீ யாரு சொல்றதுக்கு?" என்று கேட்டுவிடுவேன்.

நாங்கள் மூன்று பேர். நான் ஒருத்தி; கூட வேலை செய்கிறவர்களுக்கு இத்தா, அக்கா மாதிரி, ஆபீஸ்காரர்களுக்கு உம்மா. தோப்பும்படியிலிருந்து வரும் மலையாளச் சேச்சி ஒருத்தி. அவள் கணவன் மீன்பிடி போட்டில் கடலுக்குப் போகிறவர். சேச்சியும் என்னைப் போலவே நிரந்தர வேலை. மூன்றாமவள் சின்னவள். தேனிப் பக்கத்துப் பெண், கட்டிட வேலைக்கு வந்த கணவனோடு இங்கே வந்தவள். அவள் தினக்கூலி. சூப்பிரண்டு சார் நாளைக்கு வரவேண்டாம் என்றால் வரவேண்டாம்தான்.

வெளிச்சம் வருவதற்கு முன்னே வேலை தொடங்குவோம். பெருக்கி, துடைத்து, கக்கூஸ் கழுவி முடிக்கும்போது உடுத்தியிருப்பதெல்லாம் நனைந்து பினாயில் வாடை அடிக்கும். அந்தத் துணியோடு பஸ்ஸில் ஏற முடியாது. சின்னவள் அங்கிருந்து நேரே ஒரு ஹோட்டலுக்குக் காய் நறுக்கப் போக வேண்டும். மாற்று உடை கொண்டு வருவோம். மாற்றுவது எங்கே? மரப்படிக்கட்டுக்கு அடியில். ஒரு பழைய சேலையைக் குறுக்கே கட்டியிருந்தோம். அந்தப் படியில் பலகைக்கும் பலகைக்கும் நடுவே இடைவெளி. மேலே ஏறுகிறவன் குனிந்து பார்த்தால் கீழே நிற்பவளின் தலை தெரியும், தோள் தெரியும். ஆகவே ஒருத்தி மாற்றும்போது இன்னொருத்தி படியின் முதல் பலகையில் நின்று காவல் காப்பாள். யாராவது வந்தால், "சார், இப்பத்தான் துடைச்சது, ஈரம், கொஞ்சம் நில்லுங்க" என்று சொல்ல வேண்டும். தரை எப்போதோ காய்ந்திருக்கும்.

கக்கூஸ் விஷயம் அதைவிட மோசம். மேல்மாடியில் பெண் ஊழியர்களுக்கு ஒன்று இருந்தது. அதைக் கழுவுவது நான்தான். கழுவி முடித்ததும் அங்கே ஹெட் கிளார்க் வந்து நிற்பார். "கழுகியதல்லே உம்மா, இனி உணங்கட்டே. ஆரும் கேறண்டா." கழுவியாயிற்று, காயட்டும், யாரும் போக வேண்டாம் என்று அர்த்தம். ஆபீஸ் நேரத்தில் அவர்களெல்லாம் போவார்கள். யாரும் என்பது நாங்கள்தான்.

எனக்கும் சேச்சிக்கும் அடக்கிப் பழகிவிட்டது. சின்னவள் ஒரு வழி கண்டுபிடித்தாள். வீட்டிலிருந்து கிளம்பும்போதே தண்ணீர் குடிக்க மாட்டாள். நாங்கள் சாயா வாங்கினால், "வேண்டாம் இத்தா, வயிறு சரியில்லை" என்பாள். ஒருநாள் பக்கெட்டைத் தூக்கினவள் அப்படியே உட்கார்ந்துவிட்டாள். உடம்பு கொதித்தது. ஆட்டோவில் போட்டு சர்க்கார் ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனோம். மூத்திரத்தில் ரத்தம். மருந்து கொடுத்து அனுப்பினார்கள். சில மாதத்தில் மறுபடியும் அதே. இரண்டாம் முறை அந்த லேடி டாக்டர் சின்னவளைத் திட்டாமல் என்னைத் திட்டினார். "இவங்க உங்க மகளா? இன்னொரு தடவை இப்படி வந்தா கிட்னிதான் போகும். தண்ணி குடிக்காம வேலை செய்யச் சொன்னது யாரு?"



கட்டிடத்தின் பின்பக்கத்தில் ஓர் அறை இருந்தது. கதவு, ஜன்னல், உள்ளேயே ஒரு சின்னக் கக்கூஸ், குழாய், எல்லாம் உண்டு. உள்ளே உடைந்த நாற்காலிகளும் கால் போன மேசைகளும் துருப்பிடித்த பீரோக்களும் கூரை வரைக்கும் அடுக்கிக் கிடந்தன. அவற்றை ஏலம் போட வேண்டும். ஏலம் போட மேலிடத்து உத்தரவு வர வேண்டும். உத்தரவு வராமல் ஒரு கால் நாற்காலியைக்கூட நகர்த்தக் கூடாது. நாற்காலிக்குக் கதவுள்ள அறை, எங்களுக்குப் படிக்கு அடி.

அந்த அறையைத்தான் கேட்டோம். முதலில் வாயால் கேட்டோம். பிறகு சேச்சியின் மகள் மலையாளத்தில் மனு எழுதித் தந்தாள். ஒவ்வொரு சூப்பிரண்டு மாறும்போதும் புது மனு. கையால் கொண்டுபோய்க் கொடுப்போம். அவர் வாங்கி மேசையில் வைத்து, "நோக்காம்" என்பார். பார்க்கலாம் என்பதுதான். அடுத்தவர் வருவார், அவரும் நோக்காம். இப்போது இருப்பவர் கொஞ்சம் அதிகம். அவர் "நோக்காம் உம்மா, நோக்காம்" என்று இரண்டு முறை சொல்வார்.

சின்னவள் இரண்டாம் முறை ஆஸ்பத்திரியிலிருந்து வந்த பிறகு, பள்ளிக்கூடத்தில் நடந்த இலவச சட்ட உதவி முகாமுக்கு நானும் சேச்சியும் போனோம். அங்கே ஒரு வக்கீல் பெண் உட்கார்ந்திருந்தாள். ஸ்கூட்டர் ஹெல்மெட்டை மடியில் வைத்துக்கொண்டு நான் சொல்வதை முழுக்கக் கேட்டாள். பிறகு ஒரே கேள்வி கேட்டாள்.

"மனு கொடுத்ததுக்கு என்ன ஆதாரம் இருக்கு உம்மா?"

"நான் கொடுத்தேன்னு நானே சொல்றேனே."

"ஆபீஸ் சீல் வெச்ச நகல்?"

 எங்களைப் போன்றவர்கள் மனு கொடுக்கும்போது சீல் கேட்பதில்லை. தினமும் முகம் பார்க்கிற மனிதரிடம் அதைக் கேட்டால், நீ தொலைத்துவிடுவாய் என்று முகத்துக்கு நேரே சொன்னது போல. அவர்கள் தொலைத்துவிட்டார்கள் என்பது வேறு விஷயம்.

"சர்க்கார் ஒண்ணும் செய்யாம இருந்தா, செய்யுன்னு சொல்ல ஹைகோர்ட்டால முடியும்" என்றாள் வக்கீல். "ஆனா நாம கேட்டோம், அவங்க சும்மா இருந்தாங்க, ரெண்டையும் காட்டணும். முதல்லேருந்து ஆரம்பிப்போம். ரெஜிஸ்டர் தபால்ல அனுப்புங்க. கையெழுத்து வாங்கின அட்டை உங்களுக்கே திரும்பி வரும்."

சின்னவள் பெயரை அதில் போடவில்லை. தினக்கூலிக்காரி பெயர் தெரிந்தால் மறுநாளே அனுப்பிவிடுவார்கள். என் பெயரும் சேச்சி பெயரும் மட்டும். நான் தமிழில் கையெழுத்துப் போட்டேன். எனக்குத் தெரிந்த எழுத்து அதிகம் இல்லை; என் பெயருக்கு வேண்டியது இருக்கிறது.

தபால் போய்ச் சேர்ந்த அன்று சூப்பிரண்டு சார் என்னை அறைக்குள் கூப்பிட்டார். கோபமில்லை. அதுதான் பயமாக இருந்தது.

"உம்மா, நம்ம எல்லாம் ஒரு வீடு மாதிரியல்லே? வீட்டுக்குள்ள தபால் அனுப்புவாங்களா?"

"வீடுன்னா கக்கூஸ் போக விடுவாங்க சார்."

அவர் பேனாவை மூடினார். "அந்தத் தமிழ்ப் பெண்ணு, அவளுடைய தினக்கூலி வருஷக் கடைசியோட தீருது. புதுக்கணும்னா என் கையெழுத்து வேணும். அறியாமோ?"

தெரியும் என்று தலையாட்டிவிட்டு வெளியே வந்தேன். சின்னவளிடம் சொல்லவில்லை. அவள் துடைக்கும் துணியைப் பிழிந்துகொண்டே, "என்னவாம்?" என்றாள். "நோக்காமாம்" என்றேன்.

தபாலுக்குப் பதில் வரவில்லை. வக்கீல் போதுமான அளவு பொறுத்தாள், பிறகு கேஸ் போட்டாள். விசாரணைக்கு நான் போனேன். ஃபோர்ட் கொச்சியில் வாட்டர் மெட்ரோ போட்டில் ஏறினால் ஹைகோர்ட் பக்கத்திலேயே இறக்கிவிடும். போட்டுக்குள் அவ்வளவு குளிர். கோர்ட்டுக்குள் அதற்கும் மேல். தலையில் போட்ட தட்டத்தைக் காது வரைக்கும் இழுத்துவிட்டுக் கடைசி வரிசையில் உட்கார்ந்தேன். எங்கள் கேஸ் கூப்பிட்டது தெரிந்தது, வக்கீல் எழுந்தது தெரிந்தது, அடுத்த கேஸ் கூப்பிட்டார்கள். ஒரு சாயா குடிக்கிற நேரம்கூட இல்லை.

வராந்தாவில் வக்கீல் சிரித்துக்கொண்டு வந்தாள். நான் அவள் கையைப் பிடித்துக்கொண்டேன். "அறை கிடைச்சுதா மோளே?"

"இல்லை உம்மா. உங்க மனுவைப் பரிசீலிச்சு, உங்களைக் கேட்டு, ரெண்டு மாசத்துக்குள்ள முடிவு சொல்லணும்னு உத்தரவு."

"என்ன முடிவு?"

"அது அவங்க முடிவு. கொடுக்கலாம், கொடுக்காமலும் இருக்கலாம். சும்மா இருக்கக் கூடாது. அவ்வளவுதான் இப்ப."

இத்தனை தூரம் வந்து, பதில் சொல் என்று சொல்லவைத்ததுதான் மிச்சமா என்று தோன்றியது. ஆனாலும் அல்வா வாங்கிக்கொண்டு போனேன். சேச்சி தின்றாள். சின்னவள் தின்றுவிட்டு, தண்ணீர் பாட்டிலைப் பார்த்தாள், குடிக்கவில்லை.

கோர்ட்டு சொன்ன கெடு நெருங்கும்போது மேலிடத்திலிருந்து கடிதம் வந்தது. ஒரு பெரிய அதிகாரி நேரில் வந்து இடத்தைப் பார்த்து, எங்களிடம் கேட்டு, உத்தரவு போடுவார். பெண் அதிகாரி. சேச்சி சிலுவை போட்டுக்கொண்டாள். "பெண்ணல்லே, அவருக்குத் தெரியும்."

இனி சொல்லப்போவதை வக்கீலிடம் சொன்னபோது அவள் தலையில் கை வைத்தாள். வைக்கட்டும்.

அதிகாரி வருவதற்கு முந்தின நாள் வேலை முடிந்து படிக்கட்டுக்கு அடியில் நின்றோம். சுவரில் ஒட்டடை, மூலையில் எலிப் புழுக்கை, எங்கள் பழைய சேலை கிழிந்து தொங்கியது. சேச்சி மூக்கைச் சுளித்தாள்.

"இத்தா, அந்த மேடம் வந்து இதைப் பார்த்தா என்ன நினைக்கும்? ஊர் முழுக்கத் துடைக்கிற பெண்ணுங்க, சொந்த இடத்தை இப்படியா வெச்சிருக்காங்கன்னு நினைக்காதா?"

நானும் அதைத்தான் நினைத்துக்கொண்டிருந்தேன். வீட்டுக்கு ஆள் வருகிறார்கள் என்றால் பெருக்குவது எங்களுக்கு யோசித்துச் செய்கிற காரியம் இல்லை. கை தானாகப் போகும்.

சின்னவள் மட்டும், "இருக்கறபடியே இருக்கட்டும் இத்தா. பார்க்கத்தானே வர்றாங்க" என்றாள்.

"என்னடீ, நம்மளைப் பன்றின்னு சொல்லட்டுமா?" என்றாள் சேச்சி. "போய் வாளியில தண்ணி பிடி."

ஒட்டடை அடித்தோம். தரையைத் தேய்த்துத் தேய்த்துக் கல் நிறம் வந்தது. சேச்சி வீட்டில் மிஞ்சியிருந்த சுண்ணாம்பைக் கொண்டுவந்து அடித்தோம். நான் என் பெட்டியிலிருந்து ஒரு புதுப் படுக்கை விரிப்பை எடுத்துக்கொண்டுபோய்த் திரையாகக் கட்டினேன், நீலப் பூப்போட்டது. சாம்பிராணியும் போட்டோம். அந்தக் கட்டிடத்தில் அவ்வளவு சுத்தமான இடம் வேறு இல்லை.

அதிகாரி வந்தார். சூப்பிரண்டு சார் பின்னால் கை கட்டி வந்தார். திரையை விலக்கிக் காட்டினேன். அந்த அம்மா உள்ளே எட்டிப் பார்த்தார். முகம் மலர்ந்தது.

"நன்னாயிட்டுண்டல்லோ உம்மா! நல்ல வ்ருத்தி. எங்க ஆபீஸ்ல இப்படி இல்லை."

வ்ருத்தி என்றால் சுத்தம். எனக்குச் சந்தோஷமாக இருந்தது. இல்லை என்று இப்போது சொல்ல மாட்டேன். சேச்சி என்னை இடித்தாள். அப்போதுதான் அவசரமாகச் சொன்னேன், கதவு இல்லை, கக்கூஸ் இல்லை, பின்னறையில் எல்லாம் இருக்கிறது என்று. அதிகாரி தலையாட்டிக் கேட்டார். எழுதிக்கொண்டார். பின்னறையை ஜன்னல் வழியாகப் பார்த்தார். "ஏலம் நடக்கணுமல்லே" என்று சூப்பிரண்டு சார் சொன்னார். அதையும் எழுதிக்கொண்டார். படிக்கட்டின் பலகைகளை அவர் நிமிர்ந்து பார்க்கவே இல்லை.

உத்தரவு வந்தது. வக்கீல் அதைக் கையில் வைத்துக்கொண்டு எங்கள் ஆபீஸ் வாசலுக்கு எதிரே உள்ள சாயாக்கடைக்கு வந்தாள். மூன்று பேரையும் உட்காரவைத்துத் தமிழில் சொன்னாள். நேரில் பார்த்ததில், உடை மாற்றுவதற்கு ஏற்கனவே சுத்தமான, வெள்ளையடித்த, திரையிட்ட, போதுமான வசதி இருப்பது தெரிகிறது. ஆகவே மனு நிராகரிக்கப்படுகிறது.

"வெள்ளையடிச்சதா?" வக்கீல் எங்களைப் பார்த்தாள். "எப்ப வெள்ளையடிச்சாங்க?"

சேச்சிதான், "தலேநாள்" என்றாள். முந்தின நாள்.

"யாரு?"

"நாங்கதான்" என்றேன். வக்கீல் தலையில் கை வைத்தது அப்போதுதான்.

சின்னவள் எழுந்தாள். அவள் சத்தம் போட்டு நான் கேட்டதில்லை, அன்றும் போடவில்லை. "திரும்பக் குப்பையைக் கொட்டுவோம். சுண்ணாம்பைச் சுரண்டுவோம். நான் போன்ல போட்டோ எடுக்கறேன். மறுபடி கேஸ் போடுங்க வக்கீலம்மா."

வக்கீல் என்னைப் பார்த்தாள்.

"அது செய்ய மாட்டேன்" என்றேன். "சுத்தம் பண்ணின இடத்துல குப்பை கொட்டி, பாருங்க ஜட்ஜம்மான்னு காட்டவா? அது பொய். என் பேரு போட்ட காயிதத்தில பொய் போகாது."

"உங்க பேரு" என்றாள் சின்னவள். "உங்க மானம். அதைத் துடைச்சுத் துடைச்சு வெச்சுக்கோங்க. உங்க மானத்துக்கு நான் அடக்கிட்டு நிக்கணுமா இத்தா? மூணாவது தடவை போனா டாக்டர் என்ன சொன்னாங்க, ஞாபகம் இருக்கா?"

சாயாக்கடைக்காரன் எங்களைப் பார்க்காத மாதிரி கண்ணாடியைத் துடைத்தான். சேச்சி சின்னவளின் கையைப் பிடித்தாள், அவள் உதறிவிட்டாள். எனக்கு முகம் சுட்டது. என்னிடம் அப்படிப் பேசியவர்கள் வாழ்க்கையில் அதிகம் இல்லை. பேசியவர்கள் மறுமுறை என் வாசல் மிதித்ததும் இல்லை. ஆனால் அவள் உதடு வெடித்திருந்தது. அன்றைக்கும் காலையிலிருந்து ஒரு சொட்டுக் குடிக்கவில்லை என்று அந்த உதட்டிலேயே தெரிந்தது.

வக்கீல்தான் பேசினாள். "குப்பை வேண்டாம். சுத்தமாவே இருக்கட்டும். சுத்தமா இல்லைன்னு நாம கேட்கவே இல்லையே. கதவு இல்லை, கக்கூஸ் இல்லைன்னுதானே கேட்டோம்? அதுக்கு இந்த உத்தரவுல ஒரு வரிகூடப் பதில் இல்லை. அது போதும் மறுபடி போக." பிறகு கேட்டாள், "திரையை இழுத்துவிட்டாலும் உள்ள இருக்கறது தெரியுமா?"

"மேலேருந்து தெரியும்" என்றாள் சின்னவள். "படிக்கு நடுவுல."

"அதை எடு. ஆனா உள்ள ஒரு ஆள் நிக்கணும். இல்லைன்னா வெறும் தரைதான் தெரியும்."

சின்னவள் நிற்க முடியாது. முகம் தெரிந்தால் வேலை போகும். சேச்சி, "என் கெட்டியோன் கொன்னுடுவார்" என்றாள். அவள் கணவருக்குக் கேஸ் நடப்பதே தெரியாது. எல்லாரும் என்னைப் பார்க்காமல் இருந்தார்கள்.

நாங்கள் வெளியாள் முன் போட்டோவுக்கு நிற்கும் குடும்பம் இல்லை. என் கல்யாணத்துக்கே போட்டோ கிடையாது. அதுவும் உடை மாற்றுகிற இடத்தில், தலைக்கு மேலிருந்து, ஊர் பேர் தெரியாத வக்கீல்மார் கையில் போகப்போகிற போட்டோ. அவ்வளவு நேரம் மானம் மானம் என்று பேசியவள் நான்தான்.

மறுநாள் காலை, ஆபீஸ் ஆட்கள் வருவதற்கு முன், நீலப் பூ விரிப்பை இழுத்துவிட்டு உள்ளே போய் நின்றேன். முழுக்க உடுத்தித்தான் நின்றேன். ஆனாலும் மேலே சின்னவளின் காலடி பலகையில் கேட்டபோது உடம்பு கூசியது. தினமும் கூசிய அதே கூச்சம்தான். ஆனால் அன்று நானே அதைக் கூப்பிட்டுவைத்திருந்தேன்.

"இத்தா, மேலே பாருங்க."

"எதுக்குடீ?"

"முகம் தெரியணும். இல்லைன்னா மூட்டைன்னு சொல்லிடுவாங்க."

பார்த்தேன். தட்டத்தைத் தோளுக்குத் தள்ளு என்றாள். தள்ளினேன். பலகை இடுக்கில் அவள் போனும் அவள் கண்ணும் தெரிந்தன. அவள் எடுத்துவிட்டுக் கொஞ்ச நேரம் இறங்கி வரவில்லை. வந்ததும் என் தட்டத்தை எடுத்துத் தலையில் சரியாகப் போட்டுவிட்டாள்.

மறுபடியும் ஹைகோர்ட்டு. இந்த முறை ஜட்ஜ் காகிதத்தைப் புரட்டிக்கொண்டே வந்தவர் ஓரிடத்தில் நிறுத்தினார். என்ன பார்க்கிறார் என்று எனக்குத் தெரியும். தரையைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்தேன். ஜட்ஜ் ஏதோ கேட்டார். இங்கிலீஷ்தான், அதில் 'டோர்' என்ற ஒரு சொல் எனக்கும் புரிந்தது. சர்க்கார் வக்கீல் ஃபைலைப் புரட்டினார். முன்னே புரட்டினார், பின்னே புரட்டினார்.

வெளியே வந்து வக்கீல் சொன்னாள். கதவு இருக்கிறதா என்று ஜட்ஜ் கேட்டிருக்கிறார். கேட்டுச் சொல்கிறேன் என்று சர்க்கார் வக்கீல் சொல்லியிருக்கிறார். அடுத்த தவணையில் வந்து, கதவு இல்லை, அறை இருக்கிறது, அறையில் ஏலத்துக்குக் காத்திருக்கும் சாமான்கள் இருக்கின்றன, அவற்றை வைக்க எங்கே தேடியும் வேறு இடம் இல்லை என்றார்கள். ஏலம் எப்போது என்று ஜட்ஜ் கேட்டார். அதற்கும் கேட்டுச் சொல்ல வேண்டியிருந்தது. நிராகரித்த உத்தரவை ரத்து செய்து, ஏலம் எப்போது நடந்தாலும் சரி, சாமான்களை வேறு இடத்துக்கு மாற்றி ஒரு மாதத்துக்குள் அந்த அறையைத் தூய்மைப் பணிப் பெண்களுக்குக் கொடுக்க வேண்டும் என்று எழுதினார்.

இந்த முறை அல்வா வாங்கவில்லை.

நல்லதுதான். ஏனென்றால் அந்த மாதம் முழுக்கப் பின்னறைப் பக்கம் ஒரு ஈ போகவில்லை. சூப்பிரண்டு சார் எங்களோடு பேசுவதையே நிறுத்தினார். நாங்கள் துடைத்த இடத்தில் வேண்டுமென்றே செருப்போடு நடப்பார். சின்னவளின் தினக்கூலியைப் புதுக்கும் காகிதம் அவர் மேசையில் கிடந்தது. மேசை துடைக்கும்போது நானே பார்த்தேன், கையெழுத்து இல்லை. அவளும் பார்த்திருப்பாள்.

கெடு முடிந்தது. வக்கீல் சூப்பிரண்டு சாருக்கும் மேலிடத்துக்கும் ஒரு நோட்டீஸ் அனுப்பினாள். உத்தரவை மதிக்காவிட்டால் கோர்ட்டு அவமதிப்பு. அதில் ஆபீஸ் பெயர் இருக்காது, ஆளின் பெயர் இருக்கும், அவரே வந்து ஜட்ஜ் முன்னால் நிற்க வேண்டும் என்று எங்களுக்கு விளக்கினாள். "இத்தனை நாள் சர்க்காரை எதிர்த்தோம். இனி மனுஷனை" என்றாள்.

அந்த நோட்டீஸ் வந்த அன்று மத்தியானமே சுமைக்காரர்கள் வந்தார்கள். நாற்காலி, மேசை, பீரோ எல்லாம் பின்முற்றத்துத் தகரக் கொட்டகைக்குப் போயின. தேடிப் பார்க்காத இடமில்லை என்று கோர்ட்டில் சொன்னவர்களுக்கு அந்தக் கொட்டகை அன்று கண்ணில் பட்டது. சூப்பிரண்டு சார் வாசலில் வியர்த்து நின்றார்.

"உம்மா, இப்ப த்ருப்தியாயோ?"

"தண்ணி வருதான்னு பார்க்கணும் சார்."

அவர் கசப்பாகச் சிரித்தார். "என்னை ஜட்ஜ் முன்னால நிக்க வெக்கப் பார்த்தீங்கள்லே?"

"நீங்க எங்களைப் படிக்கு அடியில நிக்க வெச்சீங்கள்லே" என்றேன். "உங்களுக்கு அங்கே ஏ.சி. இருந்திருக்கும்."

சுமைக்காரர்களில் ஒருவன் சிரித்துவிட்டான். சூப்பிரண்டு சார் திரும்பிப் பார்த்ததும் பீரோவைத் தூக்கிக்கொண்டு ஓடினான்.

சின்னவளின் காகிதத்தில் அவர் மாதக் கடைசியில் கையெழுத்துப் போட்டார். மனம் மாறியா, வக்கீலுக்குப் பயந்தா, எனக்குத் தெரியாது. அடுத்த முறையும் போடுவாரா என்பதும் தெரியாது. வக்கீலிடம் கேட்டேன். "அதுக்கு இப்ப எதுவும் செய்ய முடியாது உம்மா, போடாம விட்டா வாங்க" என்றாள்.

அறையைத் திறந்துவிட்ட மறுநாள் காலை நாங்கள் பெருக்கக்கூட நிற்கவில்லை. உள்ளே வருஷக்கணக்கான தூசி. சேச்சி விளக்குமாற்றோடு உள்ளே போகப் பார்த்தாள். சின்னவள் கையை நீட்டி வாசலில் மறித்தாள்.

"முதல்ல நான் போறேன். அப்புறம் நீங்க ரெண்டு பேரும் எவ்வளவு வேணாலும் துடைங்க."

கதவைச் சாத்தினாள். தாழ்ப்பாள் துருப்பிடித்திருந்தது, ஏறவில்லை. உள்ளே அவள் இடிக்கிறாள், நாங்கள் வெளியிலிருந்து கதவைத் தூக்கிப் பிடிக்கிறோம். "இன்னும் கொஞ்சம் மேல தூக்குங்க" என்கிறாள். தோளைக் கொடுத்துத் தூக்கினேன். தாழ்ப்பாள் விழுந்தது. பிறகு குழாயைத் திறந்த சத்தம். முதலில் காற்று சீறியது, அப்புறம் தண்ணீர்.

அவள் வெளியே வர மிக நேரம் ஆனது. சேச்சி கதவைத் தட்டினாள்.

"எடீ, போதும்டீ. இங்க வயசான ரெண்டு பேர் அடக்கிட்டு நிக்கறோம்!"

"நில்லுங்க" என்றாள் உள்ளேயிருந்து. "தண்ணி குடிச்சிட்டிருக்கேன்."